துண்டுக் கூடையுடன் ஒரு பெண்மணி

பதினோராவது நாளும் அதே வாசகம்தான் வந்தது: 'தங்கள் விண்ணப்பம் பரிசீலனையில் உள்ளது.'

எனக்கு மாலைக் கணினி வகுப்பு ஆறரைக்கு. நான் ஆறு பத்துக்கே போய் ஜன்னலோரக் கணினியைப் பிடித்து, கார்டுக்கு விண்ணப்பித்திருந்த வீட்டுச் சாமான் கடையின் இணையப் பக்கத்தைத் திறந்து, பன்னிரண்டு இலக்க விண்ணப்ப எண்ணை அடிப்பேன். எண் எனக்கு மனப்பாடம். ஆனாலும் நோட்டைப் பார்த்துத்தான் அடிப்பேன். என் மனப்பாடத்தை நான் அவ்வளவாக நம்புவதில்லை. பிறகு நாட்குறிப்பில் தேதி, நேரம், வந்த பதில் மூன்றையும் எழுதுவேன். முதல் நாள் மட்டும் பதிலை முழுசாக எழுதினேன். மறுநாளிலிருந்து 'அதே' என்று எழுதினால் போதும் என்றாகிவிட்டது.

விண்ணப்பம் என்னுடையது அல்ல, சித்தியுடையது. அம்மாவின் தங்கை. மருந்துக் கிடங்கில் எனக்கு வேலை கிடைத்தபோது அவளோடு தங்க வந்தேன், இரண்டரை வருடம் ஆகிறது. பெட்டிகளின் காலாவதித் தேதியைச் சரிபார்த்து ஸ்டிக்கர் ஒட்டுவது என் வேலை. சித்தியின் வேலை, மூன்று பார்லர்களுக்குத் துண்டு துவைத்துக் கொடுப்பது. நாளைக்கு அறுபதுக்குக் குறையாது.

துண்டு துவைப்பதில் என்ன இருக்கிறது என்று நானும் நினைத்ததுண்டு. முடி ஒட்டிய துண்டை நனைக்கும் முன்பே உதறிவிட வேண்டும். நனைந்துவிட்டால் முடி நூலுக்குள் புகுந்துகொண்டு வரவே வராது. தலைச்சாயம் பட்டதைத் தனி வாளியில் ஊறப்போட வேண்டும். இதெல்லாம்கூடப் பரவாயில்லை. பிழிவதுதான் ஆளைக் கொல்லும். தடித்த துண்டு குடிக்கிற தண்ணீருக்கு அளவே இல்லை. பன்னிரண்டு வருடம் பிழிந்ததில் சித்தியின் வலது மணிக்கட்டு, கட்டைவிரலுக்கு அடியில், ஒரு எலுமிச்சங்காய் அளவுக்கு வீங்கிவிட்டது. "இனிமே பிழியவே கூடாதும்மா" என்றார் டாக்டர். சித்தி பவ்யமாகத் தலையாட்டிவிட்டு வீட்டுக்கு வந்து நாற்பது துண்டு பிழிந்தாள்.

கை முன்போல ஓடாததால் துண்டுகள் ஈரம் காயாமல், ஒரு நாள் தாமதமாகப் போயின. பெரிய பார்லரின் முதலாளியம்மா நல்ல மாதிரிதான், ஆனால் அவரும் எவ்வளவு பொறுப்பார்? "ஒண்ணாம் தேதி வரைக்கும் பார்க்கிறேன். அப்புறம் மெயின் ரோடு லாண்டரிக்குக் கொடுத்துடுவேன், கோவிச்சுக்காத" என்று சொல்லிவிட்டார். எங்கள் அறுபது துண்டில் நாற்பது அவருடையது. அது போனால் மிச்சத்தில் வாடகை கட்ட முடியாது. பிழியும் தொட்டி வைத்த வாஷிங் மெஷின் ஒன்று வேண்டும். கடையில் தவணைக்குக் கொடுப்பார்கள், ஆனால் அந்தக் கடையின் கடன் கார்டு வைத்திருப்பவர்களுக்கு மட்டும். ஆக, ஒன்றாம் தேதிக்குள் கார்டு வந்தாக வேண்டும். அன்று தேதி பத்தொன்பது.

படிவத்தை நிரப்பியது நான். என் பயமெல்லாம் அதுதான். 'இந்த முகவரியில் எத்தனை ஆண்டுகள்?' என்ற இடத்தில் ஏழு என்று எழுதியிருந்தேன். உண்மையில் ஆறு வருடம் பத்து மாதம். "ஏழுன்னே போடு, முழுசா இருக்கட்டும்" என்று சித்தி சொன்னதைக் கேட்டுப் போட்டுவிட்டேன். அந்த இரண்டு மாதம்தான் விண்ணப்பத்தைப் பிடித்து வைத்திருக்கிறது என்று நான் மெல்ல மெல்ல நம்பத் தொடங்கியிருந்தேன்.

அன்று வீட்டுக்குள் நுழைந்ததும் சித்தி வாளிக்கு முன்னால் உட்கார்ந்தபடியே கேட்டாள். "என்னடி ரிஜிஸ்தர், என்ன சொல்றான்?"

நான் எல்லாவற்றையும் எழுதி வைப்பதால் ரிஜிஸ்தர். கடையின் கணினிப் பக்கம் சித்திக்கு எப்போதும் ஒரு ஆண்பிள்ளை.

"அதே."

"ஒரு கார்டு கொடுக்க இத்தனை யோசனையா? கல்யாணத்துக்கே நான் ரெண்டு நாள்தான் யோசிச்சேன்."

"அதான் சித்தப்பா..."

"வாயை மூடு. போன் வரும் வரும்னியே, எங்க?"

சரிபார்ப்பதற்குக் கடையிலிருந்து போன் வரும் என்று நான்தான் சொல்லியிருந்தேன். அதற்காகச் சித்தி பதினொரு நாளாகப் போனை ஒரு பிளாஸ்டிக் பையில் போட்டுக் கழுத்தில் மாட்டிக்கொண்டு துவைத்தாள்.

மறுநாள் பதில் மாறியிருந்தது. 'நேரில் சரிபார்க்க இயலவில்லை. விண்ணப்பம் நிறுத்தி வைக்கப்பட்டுள்ளது.'

நான் படிவத்தை மறுபடி இறக்கிக் கடைசிப் பக்கத்தைப் படித்தேன். 'தொலைபேசியிலோ நேரிலோ' சரிபார்க்கப்படும் என்று பொடி எழுத்தில் இருந்தது. முதல் தடவை வரியின் பாதியிலேயே நிம்மதியாகி நிறுத்தியிருக்கிறேன். வகுப்புக்கு இருக்காமல் வீட்டுக்கு நடந்தேன்.

"நேர்லயா?" சித்தி எழுந்தே விட்டாள். "எவன் வந்தான்? நான் எங்கடி போனேன்? வீடு, மாடி, கீழே குழாய். இதைத் தாண்டி நான் எங்க போறேன்?" பேசிக்கொண்டே இருந்தவள் சட்டென்று எதிர்க் கதவைப் பார்த்தாள். "அவதான். அவகிட்ட விசாரிச்சிருப்பாங்க."

எதிர்வீட்டில் பூனைக்காரம்மா இருந்தார். மூன்று பூனைகள். மூன்றுக்கும் உலகத்தில் படுக்க வேறு இடமில்லாத மாதிரி எங்கள் துண்டுகளின் மேல்தான் தூக்கம் வரும். போன வாரம்தான் அதற்காக ஒரு சண்டை நடந்திருந்தது. சித்தி போய்க் கதவைத் தட்டினாள்.

"என்னைப் பத்தி யாராவது வந்து கேட்டாங்களா?"

"கேட்டாங்களே."

"நீ என்ன சொன்ன?"

"காலி பண்ணிட்டுப் போயாச்சுன்னு சொன்னேன்." பூனைக்காரம்மா ஏதோ உபகாரம் செய்தவர் போலச் சாவகாசமாகச் சொன்னார்.

சித்தி இடுப்பில் கையை ஊன்றினாள். "அடிப்பாவி! பூனையை விரட்டினதுக்கு என் வயித்துலயா அடிப்ப?"

"இரு இரு, என்னன்னு கேளு. அன்னிக்கு நீயே..."

"ஒண்ணும் கேட்க வேணாம்!"

எங்கள் கதவு சாத்தப்பட்ட வேகத்தில் சுவர்க் கடிகாரம் ஆடியது. நான் நடுவில் ஏதாவது சொல்லியிருக்கலாம். யார் பக்கம் நியாயம் என்று யோசித்து முடிப்பதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது.

கடையின் உதவி எண்ணில் விண்ணப்பதாரரே பேச வேண்டும் என்றார்கள். எனவே அடுத்த நாள் அரை நாள் விடுப்பு எடுத்தேன். போனை ஸ்பீக்கரில் போட்டு மேஜையில் வைத்துவிட்டு இருவரும் உட்கார்ந்தோம். இருபது நிமிடம் இசை. பிறகு ஒரு பெண் குரல் பிறந்த தேதியையெல்லாம் கேட்டுச் சரிபார்த்துவிட்டு, "அதிகாரி எழுதின குறிப்பைப் படிக்கிறேன் மேடம்" என்றது.

"'தேதி பதினாலு, மாலை நாலு நாற்பது. முகவரியில் கதவு பூட்டியிருந்தது. துவைத்த துண்டுக் கூடையுடன் படியேறி வந்த பெண்மணியிடம் விசாரித்ததில், விண்ணப்பதாரர் வீட்டைக் காலி செய்து ஆறு மாதம் ஆகிறது என்று கூறினார். எதிர்வீட்டாரும் அதையே உறுதி செய்தார்.' அவ்வளவுதான் மேடம்."

நான் சித்தியைப் பார்த்தேன். சித்தி போனையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"நீல ஃபைல்," என்றாள் மெதுவாக. "டை கட்டியிருந்தான்."

"ஹலோ? லைன்ல இருக்கீங்களா மேடம்?"

மறுபடி ஒரு தடவை நேரில் வந்து பார்க்க என்ன செய்ய வேண்டும் என்று நான்தான் கேட்டேன். கிளை ஒப்புக்கொண்டால் வருவார்களாம். இல்லாவிட்டால் தொண்ணூறு நாள் கழித்துப் புதிதாக விண்ணப்பிக்க வேண்டுமாம்.

சித்தப்பா உயிரோடு இருந்தபோது ஒரு சிநேகிதரின் கடனுக்கு ஜாமீன் கையெழுத்துப் போட்டிருந்தார். சிநேகிதர் ஊரைவிட்டே போய்விட்டார். சித்தப்பாவும் போய்ச் சேர்ந்தார். அதன் பிறகு எட்டு மாதம் ஆட்கள் சித்தியைத் தேடி வந்தார்கள். எல்லோர் கையிலும் ஒரு ஃபைல். எல்லோரும் அவளுடைய முழுப் பெயரை, முன்னெழுத்தோடு, காகிதத்தில் இருக்கிறபடியே கூப்பிடுவார்கள். எங்களுக்கு அவள் சித்தி, பார்லர்களுக்குத் துண்டுக்கா. அந்த முழுப் பெயரைச் சொல்லிக் கூப்பிட வேறு யாருமே கிடையாது. அப்போது பூனைக்காரம்மாதான் படியை மறித்துக்கொண்டு நின்று "காலி பண்ணிட்டுப் போயாச்சு" என்று ஒவ்வொருவராகத் திருப்பி அனுப்பியவர். அந்தக் கடனைச் சித்தி துவைத்துத் துவைத்தே அடைத்து ஒரு வருடம் ஆகிறது. யாருக்கும் எதுவும் பாக்கியில்லை.

"என் முழுப் பேரைச் சொன்னான்டி," என்றாள் சித்தி. "பழைய ஆளுங்கதான்னு நினைச்சுட்டேன். வாய் தானா சொல்லிடுச்சு. போன்தான் வரும்னு நீ வேற சொல்லியிருந்தியா, கடைக்காரனா இருக்கும்னு தோணவே இல்ல."

எனக்கு வேறொரு சந்தேகம் வந்து நாட்குறிப்பைப் புரட்டினேன். தேதி பதினாலு. என் கையெழுத்துதான். 'டை கட்டிய ஒருவரைச் சித்தி படியிலேயே திருப்பி அனுப்பினாளாம். நடித்துக் காட்டினாள். இருவரும் சிரித்தோம்.' அதற்கு அடுத்த வரி: 'விண்ணப்பம்: அதே.' இரண்டுக்கும் நடுவில் ஸ்கேல் வைத்து ஒரு கோடு வேறு போட்டிருந்தேன்.

காட்டாமல் மூடிவிடலாமா என்று ஒரு கணம் நினைத்தேன். காட்டினேன். சித்தி எழுத்துக்கூட்டிப் படித்தாள்.

"நீயும் சிரிச்சிருக்க."

"ஆமா."

"இத்தனை எழுதறியே, எழுதினதைப் படிக்க மாட்டியா?"

சித்தி முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு எதிர்வீட்டுக்குப் போனாள். இந்தத் தடவை தட்டவில்லை. கதவோரமாக நின்று, "உள்ள இருக்கியா?" என்றாள்.

"காலி பண்ணிட்டுப் போயாச்சு" என்று உள்ளேயிருந்து பதில் வந்தது.

சித்தி சிரித்துவிட்டாள். சிரிப்பு பாதியில் அழுகையாக மாறியது. பூனைக்காரம்மா வெளியே வந்தார். "நீ கீழே நின்னு சொல்றது எனக்குக் கேட்டுச்சு. சரி, மறுபடியும் எவனோ வந்துட்டான்னு நினைச்சேன். உன்னைத் தனியா விட முடியுமா? நானும் அதையே சொன்னேன். நேத்து அதைச் சொல்ல வந்தா, கதவைச் சாத்தற!"

"தப்புதான். வேணும்னா ரெண்டு அடி அடிச்சுக்கோ."

"அடிக்கிறதுக்கு உன் உடம்புல என்ன இருக்கு?"

மறுநாள் நானும் சித்தியும் கடைக்குப் போனோம். மூன்றாவது மாடியில், வரிசையாக ஓடிக்கொண்டிருந்த டிவிகளுக்குப் பின்னால் கார்டு கவுன்ட்டர். அங்கிருந்த இளைஞர் திரையைப் பார்த்தார்.

"ரிப்போர்ட்ல நீங்க இல்லைன்னு இருக்கு மேடம்."

"நான் இங்கதானே இருக்கேன்?"

"இங்க இருக்கீங்க. அங்க இல்லைன்னு இருக்கு."

"யார் சொன்னது?"

"துண்டுக் கூடையோட வந்த ஒரு அம்மா."

"அந்த அம்மா நான்தான்."

இளைஞர் சித்தியை விட்டுவிட்டு, இவங்களுக்கு உடம்பு சரிதானே என்பது போல என்னைப் பார்த்தார். நான் விளக்கத் தொடங்கினேன். தேதி, நேரம், குறிப்பில் இருந்த வாசகம் என்று வரிசையாகச் சொன்னதில் அவருக்கு இன்னும் குழம்பியது. கடைசியில் உள்ளே போய்ச் சரிபார்ப்பு அதிகாரியையே கூட்டி வந்தார். சாப்பாட்டுக்கு நடுவில் எழுந்து வந்தவர் போல. டையை மடித்துச் சட்டைப் பையில் செருகியிருந்தார். சித்தியைப் பார்த்ததும் அவர் புருவம் ஏறியது.

"துண்டுக் கூடை!"

"ஆமா தம்பி. நான்தான் அது. இதுவும் நான்தான்." சித்தி அடையாள அட்டையை நீட்டினாள். "பொய் சொல்லிட்டேன். பயத்துல."

அவர் அட்டையைப் பார்த்தார், முகத்தைப் பார்த்தார். "ஒரு நாளைக்குப் பத்து வீடு ஏறி இறங்கறேன்மா. ஆறு வீட்டுல காலி பண்ணிட்டாங்கன்னுதான் சொல்வாங்க. அண்ணன் தம்பியைக் காலி பண்ணுவான், பொண்டாட்டி புருஷனைக் காலி பண்ணுவா. தன்னைத்தானே காலி பண்ணிக்கிட்டது நீங்கதான் முதல் ஆள்."

கவுன்ட்டர் இளைஞர் சிரித்தார். சித்தி சிரிக்கவில்லை. வலது கையைத் தூக்கிக் கண்ணாடி மேஜையின் மேல் வைத்தாள். வீக்கம் டிவி வெளிச்சத்தில் பளபளத்தது.

"ஒண்ணாம் தேதிக்குள்ள மெஷின் வரலேன்னா எனக்குப் பொழைப்பு போயிடும் தம்பி. அதுக்கு மேல எனக்குச் சொல்லத் தெரியல."

அவர் அந்தக் கையைப் பார்த்தார். "கொடுக்கலாமா வேண்டாமான்னு சொல்றது நான் இல்லம்மா. நான் பார்த்ததை எழுதறவன்."

"அப்ப வந்து பாருங்க."

மேலாளரிடம் கையெழுத்து வாங்க அவர் உள்ளே போய் வந்தார். திங்கட்கிழமை மாலை வருவதாகச் சொன்னார். கிளம்பும்போது என்னால் அடக்க முடியவில்லை. "சார், படிவத்துல ஏழு வருஷம்னு போட்டிருக்கேன். சரியாச் சொன்னா ஆறு வருஷம் பத்து மாசம்தான்." சித்தி என் இடுப்பில் கிள்ளினாள்.

"அதை யாரும் படிக்கிறதே இல்லைங்க," என்றார் அவர்.

திங்கட்கிழமை நாலரைக்கே பூனைக்காரம்மா நல்ல புடவை கட்டி, பூனைகளை உள்ளே அடைத்துவிட்டு, படியில் வந்து நின்றார். "என் மேல கேஸ் ஏதும் வராதே?" என்று என்னை மூன்று தடவை கேட்டார். வராது என்று மூன்று தடவையும் சொன்னேன். மூன்றாவது தடவை எனக்கே சந்தேகம் வந்துவிட்டது.

அதிகாரி ஏறி வந்து முதலில் அவரைத்தான் விசாரித்தார்.

"அன்னிக்கு நான் சொன்னது பொய்," என்றார் பூனைக்காரம்மா. "எழுதிக்கோங்க. இவ இங்கதான் இருக்கா, எனக்கு எதிர்த்தாப்புல. ஏன் பொய் சொன்னேன்னும் எழுதணும்."

"அதுக்குப் படிவத்துல கட்டம் இல்லம்மா."

"கட்டம் இல்லேன்னா ஓரத்துல எழுதுங்க. தான் வாங்காத கடனை ஒரு பைசா விடாம அடைச்சவ இவ. தேடி வந்தவங்களைத் திருப்பி அனுப்பினது நான். அவனுங்க சத்தம் போட்டா இவளுக்குக் கை ஓடாது, துண்டைப் பிழிய வராது. அதுக்காக அனுப்பினேன். கடனை ஏமாத்தறதுக்கு இல்ல. எழுதுங்க."

அவர் பேனாவைப் பிடித்தபடி கொஞ்சம் தயங்கினார். பிறகு காகிதத்தைத் திருப்பி, ஓரத்தில், பொடி எழுத்தில் எழுதினார். இரண்டு வரி இருக்கும்.

எங்கள் வாசலுக்கு வந்து படிவத்தைப் பார்த்துச் சித்தியின் முழுப் பெயரைப் படித்தார். சித்தி நிலைப்படியில் நின்றிருந்தாள். பெயர் காதில் விழுந்ததும் தோள்கள் ஒருமுறை உள்ளே ஒடுங்கியதை நான் பார்த்தேன்.

"நான்தான்," என்றாள்.

"சத்தமாச் சொல்லு," என்றார் பின்னாலிருந்து பூனைக்காரம்மா.

"நான்தாங்க!"

அவர் ஒரு கட்டத்தில் டிக் போட்டார். தொழில் நடக்கும் இடத்தைப் பார்க்க வேண்டும் என்றார். வாளிகளையும் கொடியையும் உதறி வைத்த முடிக் குவியலையும் காட்டினோம். ஊறிக்கொண்டிருந்த ஒரு துண்டை எடுத்துப் பிழிந்து பார்த்தவர், தண்ணீர் பாதிகூட இறங்காமலே வாளியில் போட்டுவிட்டு விரல்களை உதறிக்கொண்டார்.

செவ்வாய், புதன் இரண்டு நாளும் 'பரிசீலனையில்'. வியாழன் ஆறு பத்துக்குப் பார்த்தபோது 'ஏற்கப்பட்டது' என்று வந்தது. தேதி இருபத்தேழு. எண்ணைத் தப்பாக அடித்து வேறு யாருடையதையோ பார்க்கிறேனோ என்று பக்கத்தை மூடி, ஒவ்வொரு இலக்கமாக விரல் வைத்து மறுபடி அடித்தேன். எங்களுடையதுதான். கடன் வரம்பு மெஷினுக்குச் சரியாக இருந்தது. மேலே ஒரு மின்விசிறிகூட வாங்க முடியாது.

வீட்டுக்கு ஓடி வந்து சொன்னேன். சித்தி கையைத் துடைத்தாள், பிளாஸ்டிக் பையிலிருந்து போனை எடுத்தாள், பெரிய பார்லரின் முதலாளியம்மாவைக் கூப்பிட்டாள். அப்படி ஒரு கெத்தான குரலில் அவள் பேசி நான் கேட்டதில்லை.

"அக்கா, மெஷின் வருது. ஒண்ணாம் தேதியிலேர்ந்து எல்லாத் துண்டையும் அனுப்புங்க. உங்க ரெண்டாவது கடையோடதையும் சேர்த்து. நூறா இருந்தாலும் பரவாயில்ல. காய வெச்சு அன்னன்னிக்கே வந்துடும்."

போனை வைத்த பிறகுதான் குரல் இறங்கியது. "நூறுன்னு சொல்லிட்டேனேடி. அது தாங்குமா?"

மெஷினின் விவரத்தைக் கடையிலேயே எழுதி வைத்திருந்தேன். ஏழு கிலோ கொள்ளும். ஒரு துண்டின் எடையைப் போட்டு வகுத்தேன். சரியாக இருக்கிறதா என்று திருப்பிப் பெருக்கியும் பார்த்தேன்.

"ஒரு தடவைக்கு இருபது. நூறுக்கு அஞ்சு தடவை போடணும்."

"அஞ்சு தடவையா? நிக்கணுமா பக்கத்துலயே?"

"நிக்கணும். ஒரு தொட்டியிலேர்ந்து இன்னொரு தொட்டிக்கு மாத்தணும். உதர்றதும் கறைக்கு ஊறப்போடறதும் நாமதான்."

"அப்ப அது என்னதான் செய்யும்?"

"அது பிழியும் சித்தி."

சித்தி வாளியைப் பார்த்தாள். அன்றைய துண்டுகள் அதில் ஊறிக்கொண்டுதான் இருந்தன. ஒன்றாம் தேதிக்கு இன்னும் நாலு நாள். துப்பட்டாவை இழுத்துச் செருகிக்கொண்டு நான் முக்காலியைப் போட்டு உட்கார்ந்தேன்.

"தள்ளு, இந்த நாலு நாள் நான் பிழியறேன்."

"உனக்கு வராதுடி."

"தெரியும். சொல்லிக் கொடு."